இடது கைக்கு விடுமுறை

ஜூலை 2, 1989, ஞாயிறு

இந்த நாட்குறிப்பில் நடந்ததை நடந்தபடியே எழுதுவேன். அழகுக்காக எதையும் சேர்க்க மாட்டேன். வெட்கப்பட்டு எதையும் விட மாட்டேன்.

டைரி அம்மாவுடையது. அம்மா வேலை பார்க்கும் ரத்தப் பரிசோதனை நிலையத்துக்கு ஒரு மருந்துக் கம்பெனி கொடுத்தது. ஜனவரியில் அம்மா மூன்று பக்கம் ஊறுகாய்க் குறிப்பு எழுதியிருக்கிறார்கள். அதன் பிறகு இன்று வரை வெள்ளைதான்.

என் பெயர் ஹெப்சிபா. பத்தாம் வகுப்பு. சாலிகிராமத்தில் ஒரு மாடி வீட்டில் அம்மா, அப்பா, நான் மூவரும் இருக்கிறோம். அப்பா பெயர் ஜெயசிங். சினிமாப் பாட்டுகளுக்கு டிரம்ஸ் வாசிக்கிறார். இதைச் சொன்னால் பள்ளியில் உடனே "எந்தப் படத்துல வருவாரு?" என்று கேட்கிறார்கள். எந்தப் படத்திலும் வர மாட்டார். நாகர்கோவிலிலிருந்து வந்த இருபத்திரண்டு வருடமாக அவர் ஒரு கண்ணாடி அறைக்குள் உட்கார்ந்து வாசிக்கிறார். வெளிக்கதவின் மேல் ஒரு சிவப்பு விளக்கு உண்டு. அது எரியும்போது யாரும் இருமக்கூடக் கூடாது. அறுபது பேர் ஒரே நேரத்தில் வாசிப்பார்கள். ஒருவர் தவறினால் அறுபது பேரும் மறுபடி முதலிலிருந்து வாசிக்க வேண்டும். அதற்கு அடுத்த டேக் என்று பெயர்.

"என்னால ரெண்டாவது டேக் போனதே இல்ல மக்ளே" என்று அப்பா சொல்வார். வேறு எதைப் பற்றியும் அவர் பெருமையடித்து நான் கேட்டதில்லை.

இன்று ஆராதனை முடிந்து வந்ததும் அப்பா எனக்கு ஒரு புது நோட்டு கொடுத்தார். அவர் டிரம்ஸ் சொல்லிக்கொடுக்கும் முறையை அதில் நான் எழுத வேண்டும். "நான் சொல்லுறத எழுது. நீ பாக்குறதையும் எழுது. படம் போடு. படிச்சவன் யாரையும் கேக்காம உக்காந்து வாசிக்கணும், கேட்டியா?" என்றார். பாடம் அந்த நோட்டில் இருக்கும். மீதி எல்லாம் இதில்.

ஜூலை 5, புதன்

முதல் பாடம் எழுதினேன்.

டிரம்ஸ் வாசிக்க இரண்டு கை, இரண்டு கால், நான்கும் வேண்டும். ஆனால் நான்கும் சேர்ந்தே வளர்ந்தவை. வலது கை வேகமாகப் போனால் வலது காலும் கூடவே ஓடும். அது ஓடாமல் தன் வேலையைத் தான் பார்க்கப் பழக்குவதுதான் படிப்பு. அப்பா இதற்கு மின்சார ரயில் நிலையங்களை வைத்திருக்கிறார். வலது கை 'சைதாப்பேட்டை' என்று நான்கு அடி அடிக்க வேண்டும். அதே நேரத்துக்குள் இடது கை 'மாம்பலம்' என்று மூன்று அடி. வலது கால் 'கிண்டி' என்று இரண்டு. இடது கால் 'பார்க்' என்று ஒன்றே ஒன்று. நான்கும் ஒன்றாகக் கிளம்பி ஒன்றாக முடிய வேண்டும்.

நான் மேசையில் செய்து பார்த்தேன். மாம்பலமும் சைதாப்பேட்டையும் ஒரே நிலையம் ஆகிவிட்டன.

ஜூலை 9, ஞாயிறு

தணிகாசலம் சார் வந்தார். தொலைபேசி நிலையத்தில் வேலை. அப்பாவை விட நான்கு வயதுதான் சின்னவர். அவர்கள் அலுவலக மெல்லிசைக் குழுவில் டிரம்ஸ் வாசிக்கிறார். சைக்கிளில் வருவார், வந்ததும் சட்டையைக் கழற்றிவிட்டு பனியனோடு உட்காருவார்.

வாசிக்கும்போது அவரிடம் கேள்வி கேட்பது என் வேலை. இது இரண்டாவது பாடம். பதில் சொல்லும்போது கைகால் நிற்கக் கூடாது. நாக்கு ஐந்தாவது கை என்று அப்பா சொல்கிறார்.

"பிளாசிப் போர் எந்த ஆண்டு?" என்று கேட்டேன்.

"பாப்பா, அது தெரிஞ்சா நான் ஏன் டெலிபோன்ல இருக்கேன்? காலைல இன்னா துன்னேன்னு கேளு."

"காலைல என்ன சாப்பிட்டீங்க?"

"இட்லி" என்றார். வலது கால் நின்றுவிட்டது.

"எத்தனை இட்லி?"

"ஆறு." இடது காலும் நின்றது.

"இவரு சாப்பிட்டத நினைச்சாலே கால் மரத்துப் போகுது" என்றார் அப்பா.

மூன்றாவது பாடம் இருட்டு. சத்தம் வெளியே போகாமலிருக்கப் பயிற்சி அறையின் ஜன்னலில் மெத்தையும் சுவரில் முட்டை அட்டைகளும் வைத்திருப்பதால் பகலிலேயே கதவை மூடி விளக்கை அணைத்தால் ஒன்றும் தெரியாது. கண் கையைப் பார்த்தால் கால் கண்ணைப் பார்க்கும், அதனால் இருட்டில் வாசிக்க வேண்டும் என்கிறார் அப்பா. இந்த ஈஸ்டருக்குப் பிறகு அவர் புதிதாகச் சேர்த்த பாடம் இது.

ஜூலை 12, புதன்

அறிவியல் தேர்வு. மழை. அப்பா தனியாக வாசிக்கும்போது இடது கைக் குச்சி இரண்டு முறை கீழே விழுந்தது. வியர்வை என்றார்.

ஜூலை 13, வியாழன்

குச்சியைப் பிடிக்கும் முறையைப் படமாகப் போட்டேன். கதவு கொஞ்சம் திறந்திருந்தது. அப்பா மெதுவாக வாசித்துக்கொண்டிருந்தார், நான் இருப்பதைப் பார்க்கவில்லை. இடது கையை மட்டும் வரைந்தேன். கட்டைவிரலும் அடுத்த இரண்டு விரல்களும் குச்சியைப் பிடித்திருந்தன. மோதிர விரலும் சுண்டு விரலும் நகம் தெரியாத அளவுக்கு உள்ளங்கைக்குள் மடங்கியிருந்தன. மூன்று முறை அழித்து, பார்த்தது போலவே வரும்வரை வரைந்தேன். கீழே 'குச்சி பிடிக்கும் முறை: இடது கை' என்று எழுதினேன்.

பிறகு அப்பா காப்பி குடிக்கும்போது பார்த்தேன். அதே கையில் டம்ளர். ஐந்து விரல்களும் நீட்டி, சாதாரணமாக இருந்தன. குச்சிக்கு ஒரு பிடி, டம்ளருக்கு ஒரு பிடி.

நோட்டு முழுதும் முடிந்த பிறகு அப்பாவிடம் ஒன்றாகக் காட்டலாம் என்றிருக்கிறேன்.

ஜூலை 16, ஞாயிறு

நான்காவது பாடத்தின் பெயர் லீவு. நான்கில் ஒன்று திடீரென்று வேலைக்கு வராவிட்டால் மற்ற மூன்றும் அதன் வேலையைப் பங்கிட்டுக்கொள்ள வேண்டும். கேட்பவருக்குத் தெரியக் கூடாது. அப்பா வாசித்துக் காட்டினார். நான் கண்ணை மூடிக் கேட்டேன். எப்போது ஒரு கை குறைந்தது என்று உண்மையாகவே கண்டுபிடிக்க முடியவில்லை.

"எப்பவும் இடது கைக்குத்தான் லீவா அப்பா? வலது காலுக்குக் கிடையாதா?" என்று கேட்டேன்.

"அது தினக்கூலி மக்ளே. லீவு எடுக்க முடியாது."

"சார், இது கேஷுவல் லீவா, மெடிக்கல் லீவா?" என்று கேட்டார் தணிகாசலம் சார். அவர் அரசாங்க ஊழியர்.

நான் சிரித்தேன். அப்பா சிரிக்கவில்லை. "லைட்ட ஆஃப் பண்ணு மக்ளே" என்றார்.

ஜூலை 19, புதன்

இன்று எழுத ஒன்றுமில்லை.

ஜூலை 21, வெள்ளி

பெஞ்சமின் மாமா வந்தார். மாமா பேஸ் கிட்டார் வாசிப்பவர், அப்பாவின் கண்ணாடி அறைக்கு வெளியே முதல் நாற்காலி அவருடையது. இசையமைப்பாளரை எல்லாரும் மாஸ்டர் என்பார்கள்; அவருக்கு வேண்டிய வாத்தியக்காரர்களை அழைத்து வருவதும் மாமாதான்.

ஆகஸ்ட் 5 சனிக்கிழமை பெரிய பாட்டு. அறுபது பேர். பாட்டின் தொடக்கத்தில் டிரம்ஸ் மட்டும் தனியாக, வேறு ஒரு சத்தமும் இல்லாமல்.

"தகரக் கூரைல ஆலங்கட்டி மழை மாதிரி வேணுமாம். ரெண்டு கையும் விடாம" என்றார் மாமா. பிறகு தட்டில் இருந்த முறுக்கைப் பார்த்துக்கொண்டே, "பண்ணிடுவல்ல?" என்றார்.

"எத்தனை வருஷத்துக்குடா இதையே கேப்ப?"

"இதுவரைக்கும் கேட்டதே இல்லையே, ஜெயசிங்."

அம்மா உள்ளே போய் இன்னும் முறுக்கு கொண்டு வந்தார்கள். பழைய தட்டே இன்னும் காலியாகியிருக்கவில்லை.

ஜூலை 23, ஞாயிறு

தணிகாசலம் சார் வாரம் முழுதும் வீட்டில் பழக வேண்டும் என்று பாட நோட்டைக் கேட்டார். அப்பா குளித்துக்கொண்டிருந்தார். கொடுத்தேன்.

ஜூலை 25, செவ்வாய்

நான் பள்ளிக்குப் போகும் முன்னும் அப்பா வாசிக்கிறார், நான் திரும்பி வந்த பிறகும் வாசிக்கிறார். கதவின் கீழ் இடைவெளியில் வெளிச்சம் இல்லை. ஒரே இடத்தை மறுபடி மறுபடி வாசிக்கிறார். ஆறு முறை நன்றாக வருகிறது, ஏழாவது முறை ஒரு கை நொண்டுகிறது. உடனே முதலிலிருந்து. கீழ்வீட்டு ஆச்சி படியேறி வந்து, "கல்யாண வீடு எதுவும் இருக்கா?" என்று கேட்டுவிட்டுப் போனார்.

"கொஞ்சம் சும்மா இருங்களேன்" என்றார்கள் அம்மா.

"சும்மா இருந்தா கை போயிரும்."

"வாசிக்க வாசிக்கத்தானே போகுது."

நான் வரலாறு படித்துக்கொண்டிருந்தேன்.

ஜூலை 27, வியாழன்

அம்மா அப்பாவை டாக்டரிடம் அழைத்துப் போனார்கள். டாக்டர் சட்டைப் பித்தானைப் போடச் சொன்னாராம். போட்டார். பேனாவைப் பிடிக்கச் சொன்னார். பிடித்தார். தண்ணீர் டம்ளரைத் தூக்கச் சொன்னார். தூக்கினார். கையில் ஒன்றுமே இல்லை என்று சத்து மாத்திரை எழுதிக் கொடுத்தாராம்.

"குச்சியை எடுத்துட்டுப் போனீங்களா?" என்று கேட்டேன்.

இருவரும் என்னைப் பார்த்தார்கள். அம்மா முதலில் பார்வையைத் திருப்பிக்கொண்டார்கள்.

ஜூலை 30, ஞாயிறு

எல்லாவற்றையும் வரிசையாக எழுத வேண்டும்.

மாலை ஐந்துக்குத் தணிகாசலம் சார் வந்தார். மிகவும் சந்தோஷமாக இருந்தார். "சார், லைட்ட அணைக்காதீங்க. ஆபீசுக்கு ஒரு வாரம் லீவு போட்டுப் பழகியிருக்கேன். ஒரு தபா பாத்துட்டு அப்புறம் சொல்லுங்க" என்று உட்கார்ந்து தொடங்கினார்.

அப்பா நாற்காலியில் சாய்ந்து கேட்டார். கொஞ்ச நேரத்தில் நிமிர்ந்தார். எழுந்து பக்கத்தில் போனார்.

தணிகாசலம் சாரின் இடது கையில் மோதிர விரலும் சுண்டு விரலும் உள்ளங்கைக்குள் மடங்கியிருந்தன. மடங்கி அழுந்தியதில் உள்ளங்கையில் நகம் பட்டுச் சிவந்திருந்தது.

அப்பா குனிந்து அந்தக் கையைப் பிடித்து நிறுத்தினார். "இப்படிப் பிடிக்க யார் சொன்னா?"

"நீங்கதான் சார்."

"நான் எப்பச் சொன்னேன்?"

"நோட்டுல பாப்பா படம் போட்டிருக்கே. முதல்ல ரெண்டு நாள் வலி உயிர் போச்சு. பழகினா சரியாய்டும்னு வுடல." அவர் பையிலிருந்து நோட்டை எடுத்து அந்தப் பக்கத்தைத் திறந்து காட்டினார்.

அப்பா நோட்டை வாங்கிக் குழல்விளக்கின் அடியில் கொண்டுபோய்ப் பார்த்தார். நான் மூன்று முறை அழித்து வரைந்த படம். காகிதத்தில் ரப்பர் தேய்த்த இடம்கூடத் தெரிந்தது. அவர் பார்த்துக்கொண்டே இருந்தார். பிறகு தன் இடது கையைப் படத்தின் பக்கத்தில் வைத்துப் பார்த்தார். அப்போது கையில் குச்சி இல்லை. விரல்கள் நேராக இருந்தன.

"இது எப்ப வரைஞ்சது?"

"பதிமூணாம் தேதி."

"இப்படியேவா இருந்தது?"

"ஆமாம் அப்பா."

நான் நன்றாக வரைந்திருக்கக் கூடாது என்று அப்போது தோன்றியது. உண்மையை எழுதுவேன் என்று சொன்னதால் இதையும் எழுதுகிறேன்.

தணிகாசலம் சாருக்கு ஏதோ தவறு நடந்துவிட்டது என்று மட்டும் புரிந்தது. "நான் தப்பாப் பழகிட்டனா சார்?" என்று மெல்லக் கேட்டார்.

"நீ இல்ல தணிகாசலம்" என்றார் அப்பா. "விரல நீட்டு. ரெண்டு நாளைக்குக் குச்சியத் தொடாத."

அவர் போன பிறகு அப்பா விளக்கை அணைக்கவில்லை. அறைக்குள் அப்படியே உட்கார்ந்திருந்தார். நோட்டு அவர் மடியில் திறந்தபடி இருந்தது.

ஜூலை 31, திங்கள்

பத்தொன்பதாம் தேதி எழுத ஒன்றுமில்லை என்று எழுதியிருக்கிறேன். அது பொய்.

அன்று பள்ளி அரை நாள். நான் வந்தபோது அப்பா பயிற்சி அறையில் அம்மாவின் நிலையத்திலிருந்து வந்த பிளாஸ்திரியால் இரண்டு விரல்களையும் ஒரு ஸ்பூனோடு சேர்த்து ஒட்டிக்கொண்டிருந்தார், மடங்காமல் இருக்க. அப்படியே குச்சியை எடுத்து வாசித்தார். ஸ்பூன் மெல்ல வளைந்தது. விரல்கள்தான் அதை வளைத்தன. என்னைப் பார்த்ததும் பிளாஸ்திரியைப் பிய்த்தார். தோல் சிவந்துவிட்டது. "சாப்பிட்டியா மக்ளே?" என்று கேட்டார். "இல்லை" என்றேன். இருவரும் சாப்பிட்டோம். ஸ்பூனை நான் கழுவி, வளைவை நிமிர்த்தி, மற்ற ஸ்பூன்களோடு போட்டுவிட்டேன்.

இவ்வளவுதான் விட்டுப்போனது.

ஆகஸ்ட் 1, செவ்வாய்

பள்ளி முடிந்ததும் அப்பா என்னையும் அழைத்துக்கொண்டு புரசைவாக்கத்தில் பெஞ்சமின் மாமா வீட்டுக்குப் போனார். பஸ்ஸில் நோட்டை மார்போடு வைத்திருந்தார்.

மாமா கிட்டாருக்குப் புதுக் கம்பி போட்டுக்கொண்டிருந்தார். அப்பா உட்கார்ந்தார். மழை வருமா என்றார். பிறகு நோட்டைத் திறந்து நீட்டி, "எனக்குச் சொல்ல வரல. இதப் பாரு" என்றார்.

மாமா படத்தைப் பார்த்தார். என்னை ஒரு முறை பார்த்தார். நோட்டை மூடினார்.

"ஈஸ்டர்ல இருந்து தெரியும்டா" என்றார். "உன் இடது கை விட்ட இடத்தையெல்லாம் நான் பேஸ்ல நிரப்பிட்டுதானே இருக்கேன். நாலு மாசமா என் விரல் நுனி பாரு, தேஞ்சு போச்சு."

"ஏன் சொல்லல?"

"நீ ஏன் சொல்லல?"

மாமி காப்பி கொண்டு வந்து வைத்தார்கள்.

"சனிக்கிழமை ஆரம்பத்துல டிரம்ஸ் மட்டும்" என்றார் மாமா. "அங்க என்னால நிரப்ப முடியாது ஜெயசிங். அங்க நான் வாசிக்கவே இல்ல."

"தெரியும். அதனாலதான் வந்தேன். வேற ஆளப் போடு."

மாமா வெகுநேரம் கம்பியைத் திருகிக்கொண்டிருந்தார். "நீ வீட்ல இருக்காத. சைட் ரிதம்ல உக்காரு. ஷேக்கர் புடி. மாஸ்டர்கிட்ட நான் பேசிக்கிறேன்" என்றார்.

சைட் ரிதம் என்றால் ஓரத்தில் உட்கார்ந்து சின்னத் தாள வாத்தியங்கள் வாசிப்பது. அரிசி போட்ட டப்பா போல் கலகலக்கும், அதுதான் ஷேக்கர். அப்பா தலையை ஆட்டினார். காப்பி டம்ளரை இடது கையால் எடுத்தார்.

ஆகஸ்ட் 5, சனி

அப்பா என்னையும் அழைத்துப் போனார். சவுண்ட் என்ஜினியரின் அறையில் ஒரு ஸ்டூலில் உட்கார வைத்தார்கள். பெரிய கண்ணாடி வழியாகக் கூடம் முழுதும் தெரிந்தது. வயலின்காரர்கள் மட்டும் நான்கு வரிசை. டிரம்ஸ் இருந்த கண்ணாடி அறையில் பெரம்பூரிலிருந்து வந்த ஓர் அண்ணன் உட்கார்ந்திருந்தார். அப்பா அந்தப் பக்கம் போனபோது அவரைப் பார்த்து எழுந்து நின்றார். அப்பா உள்ளே போய் அவருக்காக முக்காலியின் உயரத்தைக் கொஞ்சம் ஏற்றிக் கொடுத்துவிட்டு வந்தார்.

அப்பா ஓரத்தில் மைக்கின் முன் ஷேக்கரோடு உட்கார்ந்தார். இடது கையில் பிடித்திருந்தார். ஐந்து விரல்களும் டம்ளரைப் பிடிப்பது போல விரிந்திருந்தன.

சிவப்பு விளக்கு எரிந்தது. அந்த அண்ணன் ஆலங்கட்டி மழையைப் பொழிந்தார். நன்றாகத்தான் இருந்தது. பிறகு அறுபது பேரும் சேர்ந்துகொண்டார்கள்.

பாதியில் மாஸ்டரின் குரல் ஒலிபெருக்கியில் வந்தது. "கட். யாரோ தரையை மிதிக்கிறாங்க. மைக்ல விழுது."

எல்லாரும் நிறுத்தினார்கள். வயலின்காரர்கள் தங்கள் கால்களைப் பார்த்துக்கொண்டார்கள்.

அப்பா கையைத் தூக்கினார். "நான்தான் சார்."

கூடத்தில் யாரும் திரும்பிப் பார்க்கவில்லை. வேண்டுமென்றேதான் பார்க்கவில்லை என்று நினைக்கிறேன். பெஞ்சமின் மாமா கிட்டாரை மடியில் வைத்துக்கொண்டு தரையையே பார்த்தார்.

அப்பாவின் முன்னால் டிரம்ஸைக் காலால் அடிக்கும் பெடல் இல்லை. ஆனால் அவருடைய வலது கால் கிண்டி, கிண்டி என்று வாசித்திருக்கிறது. அவருக்கே தெரியாமல், இருபத்திரண்டு வருடம் வாசித்த இடத்தில் வாசித்திருக்கிறது. அப்பா குனிந்து செருப்பைக் கழற்றி நாற்காலிக்கடியில் தள்ளினார். வலது காலை மடக்கி, அதன் மேலேயே உட்கார்ந்தார். பிறகு மாஸ்டரைப் பார்த்துத் தலையசைத்தார்.

அடுத்த டேக் ஓகே ஆனது.

திரும்பும்போது பஸ்ஸில் இடம் கிடைத்தது. பஸ் கோடம்பாக்கம் பாலத்தில் ஏறியது.

"முதல் தடவ மக்ளே" என்றார் அப்பா.

"என்ன அப்பா?"

"என்னால ரெண்டாவது டேக்."

"பாட்டு நல்லா இருந்துச்சு" என்றேன்.

"ஷேக்கர் கேட்டுதா?"

"கேட்டுச்சு அப்பா." உண்மையாகவே கேட்டது.

ஆகஸ்ட் 9, புதன்

கணக்கு இடைப்பருவத் தேர்வில் எழுபத்தெட்டு. அம்மா பயிற்சி அறை ஜன்னலிலிருந்த மெத்தையை எடுத்து மொட்டை மாடியில் வெயிலில் போட்டார்கள். ஈஸ்டரிலிருந்து அதைத் தட்டவே இல்லையாம். ஒரு மூட்டை தூசி.

ஆகஸ்ட் 13, ஞாயிறு

தணிகாசலம் சார் ஐந்து மணிக்கு வந்தார். வழக்கம்போல நான் எழுந்து விளக்கு ஸ்விட்சின் பக்கம் போனேன்.

"இருக்கட்டும்" என்றார் அப்பா. "எரியட்டும். இனி பாத்துத்தான் வாசிக்கணும்."

அப்பா இன்னொரு முக்காலியைத் தணிகாசலம் சார் பக்கத்தில் இழுத்துப் போட்டார். இருவர் முன்னாலும் சத்தமில்லாமல் அடித்துப் பழகும் ஒரு ரப்பர் பலகை. இருவரும் இடது கையில் குச்சியை எடுத்தார்கள். அப்பா 'பார்க்' என்று சொன்னார். ஓர் அடி. விரல்களைப் பார்த்தார். நீண்ட இடைவெளி விட்டு மறுபடி 'பார்க்' என்றார். ஓர் அடி. கிண்டிக்குப் போகவில்லை. நான் முதல் வாரத்தில் மேசையில் தட்டியதைவிட மெதுவாக இருந்தது.

"சார், இப்ப ரெண்டு பேரும் ஒரே கிளாஸா?" என்றார் தணிகாசலம் சார்.

"நான் போன வாரமே சேந்துட்டேன். நீ எனக்கு ஒரு வாரம் ஜூனியர்."

ஐந்து அடிகளுக்கு அப்பாவின் விரல்கள் விரிந்திருந்தன. ஆறாவதில் சுண்டு விரல் மெல்ல உள்ளே போனது. அப்பா அதை மறைக்கவில்லை. நாங்கள் மூவரும் அதைப் பார்த்தோம். அவர் குச்சியைக் கீழே வைத்துவிட்டு, வலது கையிலும் இரண்டு கால்களிலும் சைதாப்பேட்டையும் கிண்டியும் பார்க்கும் வாசிக்கத் தொடங்கினார். மூன்றும் சீராகப் போய்க்கொண்டிருந்தன. இடது கை மடியில் கிடந்தது. கொஞ்ச நேரத்தில் சுண்டு விரல் தானாக நீண்டது.

"ஒண்ணு தப்புனா மத்த மூணும் அது பின்னாடி ஓடக் கூடாது" என்றார் அப்பா, வாசித்துக்கொண்டே. "இத நோட்டுல எழுதிக்க மக்ளே. இத்தன நாளு இதச் சொல்ல மறந்துட்டேன்."

"அப்ப இது மெடிக்கல் லீவுதான் சார்" என்றார் தணிகாசலம் சார்.

அப்பா சிரித்தார். சிரித்தபோது கால்கள் நிற்கவில்லை.

நான் எழுதிக்கொண்டேன். பிறகு பழைய படத்தின் கீழே இருந்த 'குச்சி பிடிக்கும் முறை' என்பதை அடித்துவிட்டு, 'அப்பாவின் இடது கை, 13 ஜூலை 1989' என்று எழுதினேன். படத்தை அழிக்கவில்லை. அழிக்கட்டுமா என்று கேட்டதற்கு அப்பா வேண்டாம் என்றார். எதிர்ப்பக்கத்தில் இன்றைய கையை வரைந்து தேதி போட்டேன். சுண்டு விரல் பாதி மடங்கியிருக்கிறது. பாதிதான்.

ஏழு மணிக்குத் தணிகாசலம் சார் சட்டையைப் போட்டுக்கொண்டு கிளம்பினார். அப்பா குச்சிகளை உறையில் போட்டார். அம்மா சாப்பிடக் கூப்பிட்டார்கள். எல்லாரும் வெளியே வந்த பிறகு நான் உள்ளே போய் விளக்குகளை அணைத்தேன்.